ஜோ ஹிசைஷியின் 'எ சிம்பொனிக் செலிப்ரேஷன்' ரெக்கார்டு: வாங்கலாமா?

ரெண்டு தட்டு, 2023ல் டாய்ச்ச கிராமபோன் என்ற ஜெர்மன் இசை நிறுவனம் வெளியிட்டது, லண்டன் ராயல் பில்ஹார்மோனிக் இசைக்குழுவை ஜப்பானிய இசையமைப்பாளர் ஹிசைஷியே நடத்தியிருக்கிறார். ஜப்பானிய அனிமேஷன் இயக்குநர் மியாசாகியின் படங்களுக்கு 1984ல் 'நௌசிகா'வில் தொடங்கி அவர் போட்ட இசையிலிருந்து தேர்ந்தெடுத்த பகுதிகள் இதில் இருக்கின்றன. 'ஸ்பிரிட்டட் அவே' படத்தின் பகுதியை மட்டும் சொல்ல வேண்டும். பியானோ தனியாகத் தயங்கித் தயங்கி நாலைந்து சுரம் வாசிக்கும், அப்புறம் வயலின்கள் சத்தமே இல்லாமல் அடியில் வந்து சேரும், கோவை ஆர்.எஸ்.புரத்து டிராஃபிக் ஜன்னல் வழியே வந்துகொண்டிருந்தும் எனக்கு அந்த இடத்தில் கை வேலை ஓடவில்லை.

குறை இல்லாமல் இல்லைங்க. 'டொட்டோரோ' பட இசையை இவ்வளவு ஆர்ப்பாட்டமாக வாசித்திருக்க வேண்டாம், பழைய பதிவில் சிந்தசைசரோடு இருந்த அந்தக் குழந்தைத்தனம் போய்விட்டது. இன்னொன்று, ஹிசைஷி என்றால் மியாசாகி மட்டும் இல்லை. 1999ல் வந்த இயக்குநர் கிடானோவின் 'கிகுஜிரோ' படத்துக்குப் போட்ட 'சம்மர்', 2008ன் 'டிபார்ச்சர்ஸ்' படத்தின் செல்லோ இசை, எதுவும் இதில் கிடையாது. அவரை முழுசாகக் கேட்க நினைப்பவர்களுக்கு இது பாதிதான்.

நான் ஆன்லைனில் வாங்கினேன். மெல்லிசு அட்டைப்பெட்டியில் அனுப்பி உறையின் ஒரு மூலையை நசுக்கிவிட்டார்கள், நல்லவேளை தட்டில் கீறல் இல்லை. பிளேயர் இல்லாதவர்கள் மியூசிக் ஆப்பிலேயே கேளுங்கள், பொள்ளாச்சி தாண்டி ஆழியாறு ரோட்டில் காரில் போட்டால் 'போன்யோ' பட இசை நன்றாகப் பொருந்தும். ரெக்கார்டு சேர்க்கிற ஆள் என்றால் தாராளமாக வாங்கலாம்.