இலக்கா, பரிசா, ‘வந்ததும்’ திட்டமா? ஷிப்ட் வேலையோடு குரூப் 4 படிப்பவர்களுக்கு

கிருஷ்ணகிரியிலிருந்து கம்பெனி பஸ்ஸில் ஓசூர் சிப்காட்டுக்குப் போய் வந்துகொண்டே குரூப் 4-க்குப் படிப்பவர்களிடம் ஆர்வத்துக்குக் குறைவில்லை. நோட்ஸ் வாங்கியாயிற்று, டெஸ்ட் பேட்ச்சிலும் சேர்ந்தாயிற்று. ஆனாலும் ஞாயிறு போட்ட அட்டவணை புதனன்று படுத்துவிடுகிறது. இதற்குச் சொல்லப்படும் மூன்று வழிகளில் எது எதற்கு உதவும்?

முதலாவது, இலக்கு. ‘முடிந்தவரை செய்’ என்பதைவிட, குறிப்பான, கொஞ்சம் கடினமான இலக்கு அதிக வேலை வாங்கும் என்று எட்வின் லாக், கேரி லேதம் இருவரும் பல ஆய்வுகளில் காட்டினார்கள். 1975-இல் வெளியான ஓர் ஆய்வில், சட்டப்படி ஏற்றக்கூடிய எடையில் சுமார் 60% மட்டுமே ஏற்றிவந்த மர லாரிக்காரர்களுக்கு 94% என்று இலக்கு வைத்தார்கள்; சுமை 90 சதவீதத்தைத் தொட்டது. அதனால் ‘நல்லா படிக்கணும்’ என்பதை விட்டு, ‘ஞாயிறுக்குள் எட்டாம் வகுப்புத் தமிழில் மூன்று இயல்’ என்று எழுதுங்கள். திறனறி கணக்கில் மட்டும் கவனம் வேண்டும். புதிதாகக் கற்பவர் ‘25-க்கு 23 எடுப்பேன்’ என்று வைத்தால் பதற்றம்தான் மிஞ்சும். ‘தனிவட்டியில் மூன்று வகைக் கணக்கைப் பிழையில்லாமல் போடுவேன்’ என்று கற்றலையே இலக்காக்குவது நல்லது.

இரண்டாவது, பரிசு. ‘ஒரு டெஸ்ட் எழுதினால் ஒரு பிரியாணி’ என்கிற ரகம். 1973-இல் மார்க் லெப்பரும் உடன் ஆய்வாளர்களும் வரைவதில் ஏற்கெனவே விருப்பமுள்ள மழலைப் பள்ளிக் குழந்தைகளுக்குப் பரிசு தருவதாகச் சொல்லி வரையச் சொன்னார்கள். பிறகு அந்தக் குழந்தைகள் தாமாக வரைந்த நேரம் மற்றவர்களுடையதில் ஏறக்குறைய பாதியாகிவிட்டது. சொல்லாமல் திடீரெனப் பரிசு கொடுத்தபோது இப்படி நடக்கவில்லை. சுவையே இல்லாத மனப்பாட வேலைக்குச் சின்னப் பரிசு வைத்துக்கொள்ளலாம். விரும்பிப் படிக்கும் பாடத்துக்கு வைக்காதீர்கள், இருக்கிற ருசியும் போய்விடும்.

மூன்றாவது, ‘வந்ததும்’ திட்டம். ஷிப்ட்காரர்களுக்கு இதுதான் என் முதல் தேர்வு. ‘இது நடந்ததும் அதைச் செய்வேன்’ என்று முன்கூட்டியே ஒரே வாக்கியத்தில் கட்டிவைப்பது. பீட்டர் கோல்விட்சர் இதை விரிவாக ஆராய்ந்தவர். 1997-இல் வெளியான ஆய்வொன்றில், கிறிஸ்துமஸ் விடுமுறையில் ஓர் அறிக்கை எழுதி அனுப்ப வேண்டிய மாணவர்களில், எப்போது, எங்கே எழுதுவோம் என்று முடிவுசெய்தவர்களில் 71% பேர் உரிய நேரத்தில் முடித்தார்கள். அப்படிச் செய்யாதவர்களில் 32% பேர்தான். காரணம் எளிது: ‘இப்போ படிக்கலாமா?’ என்று களைத்த மனதிடம் கேட்கவே வேண்டியதில்லை. நிகழ்ச்சியே செயலை இழுத்துவிடும்.

எது இழுக்கும் என்பதில்தான் பலர் சறுக்குகிறார்கள். ‘காலை 5 மணிக்குப் படிப்பேன்’ என்று எழுதினால் அடுத்த வாரம் நைட் ஷிப்டில் அந்த 5 மணிக்கு மெஷின் முன் நிற்பீர்கள்; திட்டம் செத்துவிடும். கடிகாரத்தை விட்டு, எந்த ஷிப்டிலும் தவறாத ஒரு செயலைப் பிடியுங்கள். ‘போகும்போது பஸ்ஸில் உட்கார்ந்ததும், சூளகிரி வருவதற்குள் 10 பழைய கேள்விகள்.’ அல்லது ‘டிபன் பாக்ஸைக் கழுவிக் கவிழ்த்ததும், நாற்காலியில் உட்கார்ந்து ஒரு பக்கம்.’ டிபன் பாக்ஸ் எந்த ஷிப்டிலும் கழுவித்தானே ஆக வேண்டும்? புத்தகத்தை அந்தப் பக்கத்திலேயே திறந்து நாற்காலியில் வைத்துவிட்டுப் போங்கள். தேடுகிற இரண்டு நிமிடத்தில் செல்போன் கைக்கு வந்துவிடும். நைட் ஷிப்ட் முடித்து வருபவருக்கு டிபன் பாக்ஸ் வழி ஒத்துவராது, தூக்கம் தள்ளும். அந்த வாரம் பஸ் வாக்கியம் மட்டும் போதும்.

ஒரே நேரத்தில் ஐந்தாறு வாக்கியங்கள் வேண்டாம். பல இலக்குகளுக்கு இப்படித் திட்டம் போட்டால் பலன் கரைந்துவிடுவதாக 2012 ஆய்வு ஒன்று காட்டியது. ஒன்று, மிஞ்சிப்போனால் இரண்டு.

‘21 நாளில் பழகிவிடும்’ என்பதையும் நம்ப வேண்டாம். பிலிப்பா லாலியின் 2010 ஆய்வில் ஒரு செயல் தானாக வர, நடுத்தரமாக 66 நாள் ஆயிற்று; ஆளுக்கு ஆள் 18 முதல் 254 வரை. ஒரு நாள் விட்டுப்போனதால் பழக்கம் கெடவில்லை. தொடர்ந்து மூன்று நாள் விட்டுப்போனால் உங்களைத் திட்டிக்கொள்ளாதீர்கள். வாக்கியத்தின் ‘இது நடந்ததும்’ பாதியை மட்டும் மாற்றி எழுதி, அதே பக்கத்திலிருந்து தொடருங்கள்.