தமிழில் பேசும் என்று சொல்லி 340 வெள்ளியைப் பிடுங்கிக்கொண்டார்கள்

பினாங்கில் பட டிஸ்க்கும் பிளேயரும் விற்கிற கடைக்குப் போவதாக இருந்தால், இதைப் படித்துவிட்டுப் போங்கள். என் 340 வெள்ளி (ரிங்கிட்) போய்விட்டது.

2002இல் டோபி மெக்வயர் நடித்த ஸ்பைடர்மேன் வந்தபோது அம்மாவும் நானும் தியேட்டரில் பார்த்தோம். பேச்சு ஆங்கிலம், கீழே மலாய் எழுத்து. சிலந்தி கடிப்பதும் சுவரில் ஏறுவதும் அம்மாவுக்குப் புரிந்தன. ஆனால், தான் தப்பவிட்ட திருடனே பெரியப்பாவைச் சுட்டவன் என்று பையனுக்குத் தெரியவரும் இடம் புரியவில்லை. படத்தின் உயிரே அங்கேதான் இருக்கிறது. இப்போது என் மகன் அந்தப் படத்தைக் கேட்கிறான். இந்தத் தடவை அம்மா தமிழில் கேட்டுப் பார்க்கட்டும் என்று ஆசைப்பட்டேன்.

கடைக்காரத் தம்பி எங்கள் கண்முன்னே டிஸ்க்கைப் போட்டு, ரிமோட்டை அழுத்தினார். பெரியப்பா தமிழில் பேசினார்! "பாட்டிக்குத் தமிழ், பையனுக்கு இங்கிலீஷ், ஒரே பட்டன்தான்கா" என்றார். அம்மா முகம் மலர்ந்ததைப் பார்த்துவிட்டுத்தான் பிளேயருக்கு 260, டிஸ்க்குக்கு 80 வெள்ளி என்று விலை சொன்னார். உடனே கொடுத்தேன்.

வீட்டில் டிஸ்க் ஓடவே இல்லை. இது புளூரே டிஸ்க். புளூரேவுக்காக உலக நாடுகளை மண்டலங்களாகப் பிரித்து வைத்திருக்கிறார்கள்: இந்தியாவில் விற்கும் டிஸ்க்குகளுக்கு 'சி' மண்டலம், மலேசியாவுக்கு 'ஏ'. மண்டலப் பூட்டு போட்ட டிஸ்க் இங்கே விற்கும் சாதாரண பிளேயரில் ஓடாது. கடையில் ஓடியது வேறு பிளேயர். இதே தொழில் செய்பவருக்கு இது தெரியாதா?

திரும்பப் போனால், "உங்க டிவி பழசுகா" என்றார். அப்புறம் அந்த டிஸ்க்கை வாங்கிக்கொண்டு வேறொன்று கொடுத்தார். அதில் ஆங்கிலமும் தாய் மொழியும்தான், தாய்லாந்துக்காரர் பேசுவது! கேட்டால், "முதலாளி ஊர்ல இல்ல", "சென்னையிலிருந்து சரக்கு வரணும்". வாட்ஸ்அப்பில் அனுப்பியதைப் படித்தார், பதில் இல்லை, பிறகு என்னை பிளாக் செய்துவிட்டார். நேரில் போய் நின்றபோது, விற்ற பொருள் திரும்பப் பெறப்படாது என்ற பலகையைக் காட்டினார். அம்மாவை வைத்தே விற்றுவிட்டு, அம்மா முன்னாலேயே பலகையைக் காட்டுகிறார். 340 வெள்ளி!

அந்தப் பலகைக்குப் பயப்படாதீர்கள். சொன்ன விவரப்படி பொருள் இருக்க வேண்டும் என்கிறது 1999ஆம் ஆண்டின் பயனீட்டாளர் பாதுகாப்புச் சட்டம். பயனீட்டாளர் தீர்ப்பாயத்தில் வழக்குப் போடக் கட்டணம் 5 வெள்ளிதான், வக்கீல் வேண்டாம். ரசீதில் மொழிகளின் பெயரை எழுதி வாங்குங்கள். நீங்கள் வாங்கும் பிளேயரிலேயே போட்டுக் காட்டச் சொல்லுங்கள். நாளைக்கு அந்த வழக்குக்கான படிவம் 1ஐ நிரப்பப் போகிறேன். இதே கடையில் ஏமாந்தவர்கள் இருந்தால் ரசீதைத் தூக்கிப் போடாதீர்கள், எனக்கு எழுதுங்கள்.