கீபிள் மார்ட்டின் பாதிரியாரின் பிரிட்டிஷ் தாவர நூல்: பழைய பிரதி வாங்கலாமா?

செடியைப் பார்த்ததும் பெயர் கண்டுபிடிக்கக் கையேடு தேடுபவர்கள் 'தி கன்சைஸ் பிரிட்டிஷ் ஃப்ளோரா இன் கலர்' நூலை முதலாவதாக வாங்க வேண்டாம். இரண்டாவதாகக் கட்டாயம் வாங்கலாம்.

வில்லியம் கீபிள் மார்ட்டின் (1877–1969) ஆங்கிலிக்கன் பாதிரியார். ஆக்ஸ்ஃபோர்டில் தாவரவியலும் படித்தவர். 1902-இல் குருப்பட்டம் பெற்று, முதலில் இங்கிலாந்தின் வடக்கே, 1921 முதல் தென்மேற்கிலுள்ள டெவன் பகுதியில் பங்குப் பணி செய்தார். திருப்பலி, திருமணம், அடக்கம் என்ற வேலைகளுக்கு நடுவே சுமார் 60 ஆண்டுகள் வரைந்த நீர்வண்ண ஓவியங்கள்தான் இந்த நூல். 1965-இல் வெளிவந்தபோது அவருக்கு வயது 87. முன்னுரை இளவரசர் ஃபிலிப்புடையது. இதற்கு முன்பே, 1939-இல் வந்த டெவன் தாவரத் தொகுப்பின் பதிப்பாசிரியர்களில் அவரும் ஒருவர். ஆக, பொழுதுபோக்காகப் பூ வரைந்தவர் என்று நினைத்துவிடக் கூடாது.

மொத்தம் 100 வண்ணப் பக்கங்கள், 1,400-க்கும் மேற்பட்ட இனங்கள். பக்கத்துக்குச் சராசரி 14 செடி. நெருக்கடிதான், ஆனாலும் ஒன்றின் இலை இன்னொன்றின் பூவை மறைக்காமல் அடுக்கியிருக்கும் விதத்தில் ஓவியரின் கை தெரிகிறது. உறவுக்கார இனங்கள் ஒரே பக்கத்தில் அருகருகே நிற்பது நூலின் பெரிய பலம். புகைப்படக் கையேட்டில் ஒரு பூ வெயிலிலும் அடுத்தது நிழலிலும் எடுத்ததாக இருக்கும். இங்கே ஒரே கண், ஒரே கை.

மஞ்சள் பட்டர்கப்பை எடுத்துக்கொள்வோம். புல்வெளியில் சாதாரணமாகக் கிடைப்பவை மூன்று. முதலில் பூவைக் கவிழ்த்துப் பாருங்கள். புல்லி இதழ்கள் காம்பை நோக்கி மடங்கியிருந்து, தண்டின் அடி குமிழாகப் பருத்திருந்தால் ரனன்குலஸ் பல்போசஸ். மடங்காவிட்டால் பூக்காம்பை விரலில் உருட்டுங்கள்: பள்ளக்கோடு இருந்து, தரையில் ஓடுதண்டும் விட்டிருந்தால் ரெபென்ஸ், கோடில்லாமல் வழவழவென்று இருந்தால் ஆக்ரிஸ். இதையெல்லாம் பார்த்துவிட்டுப் பக்கத்தைத் திறந்தால் படம் உறுதி செய்யும். நேராகப் படத்திலிருந்து தொடங்கினால் மூன்றும் ஒரே மஞ்சளாகத்தான் தெரியும். எதிர்ப்பக்க விவரணை மிகச் சுருக்கம். இனம் இனமாகப் பிரித்துக்கொண்டு போகும் திறவுகோலை இதில் எதிர்பார்க்க வேண்டாம். அதற்குத்தான் வேறொரு நூல் முதலில் வேண்டும் என்பது.

கேரட் குடும்பத்தில் தவறு நேர்ந்தால் ஆபத்து. கௌ பார்ஸ்லியும் கொடிய நச்சுள்ள ஹெம்லாக்கும் வெள்ளைக் குடைப் பூக்கள்தான். ஹெம்லாக்கின் தண்டு மயிரின்றி ஊதாப் புள்ளிகளோடு இருக்கும். இந்தக் குடும்பத்தில் முற்றிய காய் இல்லாமல் முடிவுக்கு வருவது சரியல்ல. படத்தை மட்டும் நம்பி எதையும் வாயில் வைக்கவே கூடாது. காட்டு பிளாக்பெர்ரியில் பிரிட்டனில் மட்டும் 300-க்கும் மேற்பட்ட நுண்ணினங்கள், அதாவது மிகச் சிறு வேறுபாடுகளால் பிரியும் வகைகள், உண்டு. அவற்றை ஒற்றைத் தொகுதி நூல் எதிலும் தேடிப் பயனில்லை.

பெயர்கள் பழசு. கேரட் குடும்பமான அம்பெல்லிஃபெரே இன்று ஏபியேசி, சூரியகாந்திக் குடும்பமான காம்போசிட்டே இன்று ஆஸ்டரேசி. ஃபாக்ஸ்குளோவ் குடும்பமே மாறி பிளாண்டாஜினேசிக்குப் போய்விட்டது. 1982-இல் வந்த திருத்திய பதிப்பில் பெயர்கள் ஓரளவு புதுப்பிக்கப்பட்டன. அதற்குப் பின் வந்த மரபணு வகைப்பாடு அதிலும் கிடையாது. பென்சிலால் ஓரத்தில் குறித்துக்கொள்வதே வழி.

பழைய பிரதி வாங்கும்போது வண்ணப் பக்கங்களை ஒன்றுமுதல் நூறுவரை எண்ணிப் பாருங்கள். பூப்படங்களைக் கத்தரித்துச் சட்டமிட்டு விற்பவர்கள் உண்டு. முதுகுப் பசை காய்ந்து தாள் கழன்றிருக்கிறதா என்று பாருங்கள். வெயிலில் கிடந்த பிரதியில் நீலமும் ஊதாவும் வெளுத்திருந்தால், சாயலை வைத்துப் பிரிக்க வேண்டிய இடங்களில் நூல் பயன்படாது. நன்றாக விற்ற நூல் என்பதால் பிரதிகளுக்குப் பஞ்சமில்லை. அவசரப்பட்டுக் கிழிசலை வாங்காதீர்கள். அளவும் பெரிது. வயல்வெளிக்குத் தூக்கிச் செல்லாமல், குறிப்பும் கைப்பேசிப் படமும் எடுத்து வந்து மேசையில் ஒப்பிடுவது நல்லது.

நம்மூர்ச் செடிகளுக்கு இது உதவாது. பிரிட்டனில் வாழ்பவர்களுக்கும், தாவர ஓவியம் பழகுபவர்களுக்கும்தான் பரிந்துரை. அவருடைய வேலைப்பாட்டை மட்டும் பார்த்தால் போதும் என்பவர்கள், 1967 ஏப்ரலில் பிரிட்டிஷ் அஞ்சல்துறை வெளியிட்ட காட்டுப்பூத் தபால்தலைகளில் நான்கு பென்ஸ் மதிப்புள்ள நான்கையும் தேடலாம். அந்த நான்கும் அவர் வரைந்தவை. ஒரே தாளில் ஒட்டி அச்சிடப்பட்டவை என்பதால் பிரிக்காத நான்காகவே கேட்டு வாங்குங்கள்.