இன்சைட்ஸ்: உடுக்குச் சத்தம் தெரிந்தவர்கள் கேட்க வேண்டிய ஜாஸ் இசைத்தட்டு

ஜாஸோடு கிழக்கு ஆசிய இசையைக் கலக்கிறோம் என்று சொல்லி வரும் தட்டுகளில் முக்கால்வாசி சும்மா. பியானோவும் டிரம்ஸும் வழக்கம் போல ஓடிக்கொண்டிருக்கும், நடுவில் ரெண்டு இடத்தில் மூங்கில் குழலைத் தூவுவார்கள், அட்டையில் ஒரு மலைப் படம் இருக்கும், அவ்வளவுதான் கலவை. தோஷிகோ அகியோஷியின் 'இன்சைட்ஸ்' அந்த ரகத்தில் சேராது. 1976-ல் பதிவான இதைக் குமரி மாவட்டத்தில் யாராவது வாங்கிக் கேட்பார்களா என்று நினைக்கலாம். ஆனால் கொடையில் விடிய விடிய வில்லுப்பாட்டு கேட்டு வளர்ந்த காதுக்கு இது மற்றவர்களைவிடச் சீக்கிரம் பிடிபடும் என்பது என் கட்சி.

முதலில் ஆள் யார் என்று சொல்லிவிடுகிறேன். தோஷிகோ 1929-ல் சீனாவின் மஞ்சூரியாவில் பிறந்த ஜப்பானியர். இரண்டாம் உலகப் போர் முடிந்ததும் எல்லாவற்றையும் இழந்து குடும்பம் ஊர் திரும்ப, அமெரிக்கச் சிப்பாய்கள் ஆடும் நடன அரங்குகளில் பியானோ வாசிக்கப் போனார். பிரபல ஜாஸ் பியானோக்காரர் ஆஸ்கர் பீட்டர்சன் டோக்கியோவில் அவரைக் கேட்டுவிட்டுப் பரிந்துரைத்ததில் தட்டு வந்தது, 1956-ல் பாஸ்டனில் பெர்க்லீ பள்ளியில் இடமும் கிடைத்தது. அமெரிக்காவில் ஆரம்பத்தில் அவரைக் கிமோனோ கட்டிய பெண் ஜாஸ் வாசிக்கிறாளே என்ற வேடிக்கைக்காகத்தான் நிறையப் பேர் பார்த்தார்கள். 1973-ல் கணவர் லூ தபாக்கினோடு லாஸ் ஏஞ்சலஸில் பதினாறு பேர் கொண்ட பிக் பேண்ட் தொடங்கினார். தபாக்கின் டெனர் சாக்ஸபோனும் புல்லாங்குழலும் வாசிப்பவர். பாட்டு எழுதுவது, ஒவ்வொரு வாத்தியத்துக்கும் பிரித்துக் கொடுப்பது, முன்னால் நின்று நடத்துவது எல்லாம் தோஷிகோ. அமெரிக்கக் கறுப்பின ஜாஸ் மேதை டியூக் எலிங்டன் 1974-ல் இறந்தபோது, அவர் தன் இனத்தின் பெருமையை எப்படி இசைக்குள் கொண்டுவந்தார் என்று படித்துவிட்டு, அப்படியானால் ஒரு ஜப்பானியராக ஜாஸுக்கு நான் என்ன கொடுக்க முடியும் என்று யோசிக்க ஆரம்பித்ததாக அவரே சொல்லியிருக்கிறார்.

அந்த யோசனையின் முழு விளைச்சல் இந்தத் தட்டின் இரண்டாம் பக்கம். பக்கம் முழுக்க ஒரே படைப்பு, 'மினமாட்டா'. ஊர் பெயர்தான். ஜப்பானின் கியூஷு தீவில் உள்ள மீன்பிடி ஊர். அங்கே சிஸ்ஸோ என்ற ரசாயன ஆலை பல வருடம் பாதரசக் கழிவைக் கடலில் விட்டது. மீனில் ஏறிய விஷம் முதலில் பூனைகளைத் துள்ளவைத்துக் கொன்றது, அப்புறம் மீனவக் குடும்பங்களின் கை கால், பேச்சு, பார்வை என்று பறித்தது, கருவில் இருந்த பிள்ளைகளையும் விடவில்லை. 1956-ல் நோய் அதிகாரபூர்வமாகப் பதிவானது. கழிவு நின்றதோ 1968-ல்தான். தமிழ்நாட்டுக்காரர்களுக்குக் கொடைக்கானல் தெர்மாமீட்டர் ஆலை ஞாபகம் வராமல் இருக்காது. குளச்சல், முட்டம், தூத்தூர் பக்கம் இருப்பவர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் எதற்கு?

மூன்று பகுதி. அமைதியான கிராமம், செழிப்பும் அதன் விளைவும், முடிவுரை என்று தலைப்பு. தொடக்கத்தில் ஒரு சிறுமியின் குரல், ஜப்பானிய மொழியில், அலங்காரமே இல்லாமல். பாடுவது தோஷிகோவின் மகள். (ஒரு உபரித் தகவல்: அந்தப் பிள்ளையின் அப்பா சார்லி மரியானோ, தோஷிகோவின் முதல் கணவர், தென்னிந்தியாவுக்கு வந்து நாகஸ்வரம் கற்று அதில் ஜாஸ் வாசித்த சாக்ஸபோன்காரர். சுசீந்திரம் தேரோட்டத்தில் அவரை விட்டிருந்தால் எப்படி இருந்திருக்கும் என்று எனக்கு ஒரு வீண் ஆசை.) இரண்டாம் பகுதியில் ஆலை வருகிறது, பணம் வருகிறது, பேண்ட் முழு வேகத்தில் ஸ்விங் என்ற துள்ளல் நடையில் அடிக்கிறது. சந்தோஷமாகத்தான் இருக்கும், கால் தானாகத் தாளம் போடும். அந்தச் சந்தோஷத்திலேயே ஒரு கோணல் இருப்பது ரெண்டாவது தடவை கேட்கும்போதுதான் தட்டுப்படும்.

முடிவுரையில்தான் 'நோ' என்ற ஜப்பானியப் பழைய நாடகத்தின் பாட்டும் ட்சுசுமி கொட்டும் பேண்டுக்குள் வருகின்றன. ட்சுசுமி என்பது இடை சிறுத்த கொட்டு, ரெண்டு முகத்தையும் கயிற்றால் இழுத்துக் கட்டியிருக்கும். சின்ன ட்சுசுமியைத் தோளில் வைத்துக்கொண்டு, இடது கையால் கயிற்றை அழுத்தியும் விட்டும் சத்தத்தை ஏற்றி இறக்குவார்கள். கேட்டதுமே நம்மூர்க்காரனுக்குத் தெரிந்துவிடும், அட இது உடுக்குதானே என்று. ஆனால் அடிப்பது வேறு மாதிரி. ஒரு அடி, நீண்ட இடைவெளி, அதற்குள் கொட்டுக்காரரின் "யோ...", "ஹோ..." என்ற கூவல், அப்புறம் அடுத்த அடி. அந்த இடைவெளி ஒரே அளவில் இருக்காது, ஒரு தடவை இழுபடும், மறுதடவை சுருங்கும். ஜாஸ் டிரம்ஸோ நூல் பிடித்தமாதிரி போவது. ரெண்டையும் ஒரே கணக்கில் கட்ட நினைத்தால் ஒன்று செத்துவிடும். தோஷிகோ கட்டவில்லை. பித்தளை வாத்தியங்களை நீண்ட ஸ்வரங்களில் நிறுத்திவைத்து, அதன்மேல் ட்சுசுமியை அதன் போக்கில் விடுகிறார். இதைத்தான் நான் கலவை என்பேன்.

இன்னொன்றும் இருக்கிறது. நோ நாடகங்கள் பலவற்றில் பிரதான பாத்திரம் செத்துப்போனவரின் ஆவி. ஆறாத மனசோடு வந்து, தனக்கு நடந்ததைச் சொல்லிவிட்டுப் போகும். நம்முடைய வில்லுப்பாட்டில் அநியாயமாகச் செத்தவர்கள்தானே தெய்வமாகி, கதை கேட்க ஊரைக் கூட்டுகிறார்கள்? அதனால் மினமாட்டாவின் கடைசியில் அந்தக் கனத்த, இழுத்துப் பாடும் குரல் வரும்போது ஜப்பான் வாசனைக்காகச் சேர்த்தது என்று எனக்குத் தோன்றவே இல்லை. அந்த இடத்தில் வேறு யார் பேசுவது?

இனி குறைகள். முதல் பக்கத்தின் 'ஸ்டுடியோ ஜே' நல்ல பிக் பேண்ட் வாசிப்பு, அவ்வளவே. 'டிரான்ஷியன்ஸ்' அழகாகக் கடந்துபோய்விடும், மனசில் நிற்காது. 'சுமியே' மட்டும் தப்பிக்கிறது. மையால் வரையும் ஓவியத்தின் பெயர் அது, தபாக்கினின் புல்லாங்குழல் ஜப்பானிய மூங்கில் குழலான ஷாகுஹாச்சிக்குப் பக்கத்தில் போய் நிற்கும், காற்றுச் சத்தமும் ஸ்வரத்தின் பாகம்தான். சாக்ஸபோன்காரர்களைப் புல்லாங்குழலும் கிளாரினெட்டும் எடுக்கவைத்து ஐந்து குரலில் எழுதுவது தோஷிகோவின் கைவேலை. சிஎஸ்ஐ கொயரில் ஆல்ட்டோ, டெனர் என்று பிரித்துப் பாடிப் பழகியவர்கள் அதை ரசித்துக்கொண்டே இருக்கலாம். திருநாளுக்குப் பேண்ட் வாசிக்கும் டிரம்பெட்காரர்களும்தான், ஆனால் அவர்களுக்குப் பொறாமை வரும்.

நான் வாங்கியது பழைய எல்பி, இணையத்தில் ஒரு விற்பனையாளரிடம். "கீறல் இல்லை" என்று எழுதியிருந்தார். பொரி வறுக்கும் சத்தம் சரியாகச் சிறுமி பாடும் இடத்தில்தான் கேட்கிறது, உறையின் ஒரு மூலை மடங்கியே மார்த்தாண்டம் வந்து சேர்ந்தது. புகார் எழுதினேன், பதில் இல்லை. விலையும் கையைக் கடித்தது. தட்டு சுழற்றும் பெட்டி இல்லாதவர்கள் எல்பிக்கு ஆசைப்பட வேண்டாம். அந்தக் காலத்துத் தட்டுகள் ஐந்தைச் சேர்த்து மொசைக் என்ற இசைத்தட்டு நிறுவனம் மூன்று சிடிக்களில் போட்டது, கண்ணில் பட்டால் விடாதீர்கள். எதில் கேட்டாலும் போன் ஸ்பீக்கரில் மட்டும் வேண்டாம். ட்சுசுமியின் அடி அதில் மேசையைத் தட்டியமாதிரி கேட்கும்.

இது பிடித்துவிட்டால் 1974-ல் வந்த 'கோகுன்' தட்டுக்குப் பின்னோக்கிப் போகலாம். போர் முடிந்தது என்று நம்பாமல் பிலிப்பைன்ஸ் காட்டில் 29 வருடம் துப்பாக்கியோடு இருந்து, அந்த வருடம்தான் வெளியே வந்த சிப்பாய் ஓனோடாவை வைத்து எழுதிய தலைப்புப் பாட்டு அதில் உண்டு. ட்சுசுமியும் நோ குரலும் முதலில் நுழைந்தது அங்கேதான். ஆனால் அங்கே அவை டேப்பிலிருந்து ஓடுகின்றன, பேண்டோடு கொஞ்சம் ஒட்டாமல் நிற்கும். முதலில் அதைக் கேட்டவர்கள் சிலர் இது நமக்கு ஆகாது என்று எழுந்துவிடுகிறார்கள். அதனால் 'இன்சைட்ஸ்' முதலில், அதிலும் இரண்டாம் பக்கம் முதலில்.