டூட்டியும் கடமையும்: ஓர் ஒலிப்பாடத் தொடரைக் கேட்டபின்

எங்கள் வேலையில் ‘டூட்டி’ என்றால் ஷிஃப்ட்தான். நைட் டூட்டி, டே டூட்டி, டூட்டி மாற்றிக்கொள்வது. இருபது வருடம் நர்ஸாக இருந்ததில் அந்தச் சொல்லுக்குக் ‘கடமை’ என்றொரு பொருள் உண்டு என்பதே மறந்துபோயிருந்தது. ஜெர்மன் தத்துவஞானி இம்மானுவேல் கான்ட்டின் அறவியல் பற்றிய இந்த ஒலிப்பாடத் தொடரின் பன்னிரண்டு பகுதிகளையும் நைட் டூட்டி முடிந்து வீடு திரும்பும்போதுதான் கேட்டேன்.

முதல் இரண்டும் வாழ்க்கை வரலாறு. 1724-ல் கோனிக்ஸ்பெர்க் நகரில், குதிரைச் சேணம் செய்பவரின் மகனாகப் பிறந்தார் என்று தொடங்கி நிதானமாகப் போகிறது. அவசரம் என்றால் மூன்றிலிருந்து தொடங்குங்கள்.

நான்காம் பகுதி எனக்காகவே பேசியது போல இருந்தது. சொந்தத் துக்கத்தில் மூழ்கி, பிறர்மேல் இரக்கமே சுரக்காத நிலையில் இருக்கிற ஒருவர், கடமை என்ற ஒரே காரணத்துக்காக எழுந்துபோய் உதவுகிறார். அந்தச் செயலில்தான் அறத்தின் மதிப்பு ஐயமில்லாமல் தெரிகிறது என்று 1785-ல் வந்த நூலில் கான்ட் சொல்கிறார். விடிகாலை நான்கு மணிக்கு எனக்கும் இரக்கம் வராது. உடம்பு கெஞ்சும், மனசு மரத்திருக்கும். அதனாலேயே நான் நல்ல நர்ஸ் இல்லையோ என்று எத்தனையோ வருடம் உள்ளுக்குள் குறுகியிருக்கிறேன். இந்தப் பகுதியைக் கேட்ட அன்று அந்தப் பாரம் கொஞ்சம் இறங்கியது.

ஐந்தாம் பகுதி, பொய் வாக்குறுதி. திருப்பித் தர முடியாது என்று தெரிந்தே, தருவதாகச் சொல்லிக் கடன் வாங்கலாமா? எல்லோரும் அப்படிச் செய்தால் வாக்கு என்பதற்கே அர்த்தம் இருக்காது. யாரும் நம்பிக் கடன் தர மாட்டார்கள். பாடம் நடத்துகிற ஆசிரியர் இதை அவசரப்படாமல் பிரித்துக் காட்டுகிறார். எனக்கு வார்டு சார்ட் நினைவுக்கு வந்தது. படுத்த படுக்கையாக இருப்பவரை இரண்டு மணி நேரத்துக்கு ஒருதடவை புரட்டிப் படுக்கவைக்க வேண்டும், இல்லையென்றால் படுக்கைப் புண் வரும். புரட்டாமலே ‘இடப்பக்கம்’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுவிடலாம், ராத்திரியில் யாரும் பார்க்கப்போவதில்லை. ஆனால் எல்லா நர்ஸும் அப்படி எழுதினால் அந்தச் சார்ட்டை யார் நம்புவார்கள்? மற்றவர்கள் உண்மையாக எழுதுகிற வரைக்கும்தான் என் பொய் செல்லுபடியாகும். இதைக் கண்டுபிடிக்க மேட்ரன் வரவேண்டியதில்லை. என் பகுத்தறிவே போதும், அதுவே எனக்குச் சட்டம் என்பதுதான் கான்ட்டின் கருத்து. அன்று பஸ்ஸில் உட்கார்ந்தபடி இதை நானே யோசித்துக் கண்டுபிடித்ததில் அவ்வளவு சந்தோஷம்.

குறை ஒன்பதாம் பகுதியில் இருக்கிறது. கொலைகாரன் வாசலில் நின்று ‘உன் நண்பன் உள்ளே இருக்கிறானா’ என்று கேட்டாலும் பொய் சொல்லக் கூடாது என்று 1797-ல் கான்ட் எழுதிய கட்டுரையை, ‘பெரியவர் இதில் சறுக்கிவிட்டார்’ என்று பத்தே நிமிடத்தில் கடந்துவிடுகிறார்கள். பொய் சொன்னவரே அதன் விளைவுக்கும் பொறுப்பு ஏற்க வேண்டும் என்ற கான்ட்டின் வாதத்தைக்கூடச் சரியாகச் சொல்லவில்லை. கொலைகாரன் விஷயத்தில் நானும் கான்ட்டை ஏற்கவில்லை. ஆனால் ஆறாம் பெட்டில் இருந்த ஒரு பாட்டி “சிஸ்டர், என் பையன் வர்றானா?” என்று கேட்டபோது, “வந்துட்டிருக்கார்மா” என்றேன். வரமாட்டார் என்று எனக்குத் தெரியும். அவர் மனசு நோகக் கூடாது என்றுதான் சொன்னேன், சரி. ஆனால் அந்த ராத்திரியை எப்படிக் கழிப்பது என்று அவரே முடிவு செய்ய விடாமல் நான் முடிவு செய்துவிட்டேன் அல்லவா? இதைப் பற்றி ஒரு முழுப் பகுதி பேசியிருக்க வேண்டும்.

ஒலிப்பதிவிலும் வாக்கியக் கடைசிகள் சில இடங்களில் அமுங்கிவிடுகின்றன. ஹெட்செட் போட்டுக் கேளுங்கள்.

அப்புறம், பன்னிரண்டாவதைத் தவறவிடாதீர்கள். 1804-ல், இறப்பதற்கு ஒன்பது நாள் முன்பு, கான்ட்டைப் பார்க்க மருத்துவர் வருகிறார். கண் மங்கி, கால் நடுங்கி, பேச்சும் குழறுகிற நிலையில் கான்ட் எழுந்து நிற்கிறார். மருத்துவர் உட்காரும்வரை தானும் உட்கார மறுக்கிறார். அந்த நிலையில் இருக்கிற உடம்பைத் தினமும் தூக்கி உட்காரவைக்கிறவள் நான். எழுந்து நிற்க அவருக்கு என்ன ஆகியிருக்கும் என்று எனக்குத் தெரியும். அந்த இடத்தை மட்டும் மூன்று தடவை கேட்டேன்.