நாகர்கோவில் நிருபரா, சென்னை புலனாய்வு டீமா?

பத்திரிகை வேலைல இதுல எதுக்குப் போலாம்னு கேட்டா, ரெண்டுலயும் குப்பை கொட்டியிருக்கேன், அதனால சொல்லுதேன் மக்கா. சென்னைல டைம் குடுப்பாங்க, ஒரு ஸ்டோரிக்கு ஒரு மாசம்கூட உக்காரலாம், வக்கீல் படிச்சுப் பாத்துட்டுத்தான் அச்சுக்குப் போவும், சம்பளமும் கரெக்டா வரும். அவ்வளவுதான்.

ஊர்ல அப்படி இல்ல, திங்கக்கிழமைன்னா கலெக்டர் ஆபீஸ் மனு நாள், மத்தியானம் ஆக்சிடென்ட், சாயங்காலம் கோயில் கொடை, இதுக்கு நடுவுலதான் தோண்டணும். ஆனா தோண்டுற விஷயம் இங்கதான கெடக்கு? களியக்காவிளை ரோட்டு டீக்கடைல ராத்திரி ரெண்டு மணிக்கு உக்காந்து கேரளா போற கல்லு லாரிய எண்ணி, நம்பரை சிகரெட் அட்டைல எழுதி, அப்புறம் ஆர்டிஐ, அதான் தகவல் உரிமைச் சட்ட மனு, போட்டு கல்லு கொண்டுபோவக் குடுத்த பெர்மிட் கணக்கு வாங்கி ரெண்டையும் ஒத்துப் பாத்தாத்தான் நியூஸ். 10 ரூபா கோர்ட் ஃபீ ஸ்டாம்ப், 30 நாள்ல பதில் வரணும், வராட்டி மேல்முறையீடு. அதே மாதிரி 2017 ஒக்கி புயல் நேரத்துல காணாமப்போன மீனவங்க லிஸ்ட் தூத்தூர், வள்ளவிளை பக்கம் சர்ச்சுலதான் இருந்துச்சு, அரசாங்கக் கணக்கு பின்னால ஓடி வந்துச்சு.

கஷ்டம் என்னன்னா, நீ யாரைப் பத்தி எழுதுதியோ அவன் அடுத்த வாரம் கல்யாண வீட்டுல உனக்குப் பக்கத்து இலைல இருப்பான். எங்க அம்மைட்ட "மோன் சொகமா இருக்கானா"ன்னு ஒருத்தன் சிரிச்சிட்டே கேட்டான், அன்னைக்கு அவளுக்குச் சோறு எறங்கல.

நானா இருந்தா நாலு வருசம் சென்னைல டாக்குமெண்ட் வாசிக்கப் படிச்சிட்டு ஊருக்கு வருவேன். பைக் மட்டும் நல்லதா வாங்கிக்கோ.