மண்டபத்தில் நடக்கும் "இதய ஸ்கேன் முகாம்": காரைக்குடி, தேவகோட்டைப் பக்கம் இருப்பவர்கள் கவனத்துக்கு

கல்யாண மண்டபத்தில் இதயப் பரிசோதனை முகாம், நவீன கையடக்க ஸ்கேன், இலவசம் என்று நோட்டீஸ் வந்தால், வீட்டுப் பெரியவர்களை அனுப்புவதற்கு முன் இதைப் படித்துவிடுங்கள்.

எங்கள் அப்பச்சிக்கு எழுபது தாண்டிவிட்டது. கொஞ்ச நாளாகவே மாடிப்படி ஏறினால் மூச்சு வாங்குகிறது என்று சொல்லிக்கொண்டிருந்தார். ஊரில் அவரும் ஆத்தாவும்தான். நாங்கள் சென்னையிலும் சிங்கப்பூரிலும் இருக்கிறோம். இப்படிப் பிள்ளைகள் வெளியூரில் இருக்கும் வீடுகளாகப் பார்த்துத்தான் நோட்டீஸ் கொடுத்திருக்கிறார்கள். "ரிப்போர்ட்டை உங்க பிள்ளைகளுக்கு வாட்ஸ்அப்ல அனுப்பிருவோம் ஐயா" என்பதுதான் அவர்களுடைய முதல் பேச்சே.

பிரஷர் பார்ப்பது மட்டும்தான் இலவசம். ஸ்கேனுக்கு 1,200 ரூபாய். ஆத்தா பக்கத்திலேயே நின்றிருக்கிறார். பந்தி மேசையில் அப்பச்சியை மல்லாக்கப் படுக்கவைத்து, ஜெல் தடவி, டேப்லெட்டில் வயர் மாட்டிய ஒரு கருவியை நெஞ்சில் இரண்டு இடத்தில் வைத்து எடுத்தானாம் ஒரு பையன். இடது பக்கம் ஒருக்களித்துப் படுக்கச் சொல்லவில்லை. மூச்சு வாங்குகிறதா, மயக்கம் வந்ததா என்று ஒரு கேள்வி இல்லை. ஸ்டெதாஸ்கோப்பை யாரும் வைக்கவே இல்லை.

ரிப்போர்ட்டில் இ.எஃப். (இதயம் ஒவ்வொரு துடிப்பிலும் எத்தனை சதவீத ரத்தத்தை வெளியே தள்ளுகிறது என்ற கணக்கு) 62 சதவீதம், வால்வுகள் எல்லாம் நார்மல். கீழே ஒரு கிறுக்கல் கையெழுத்து; டாக்டர் பெயரும் இல்லை, பதிவு எண்ணும் இல்லை. பிற்பாடு பக்கத்து வீட்டு ஆச்சியின் ரிப்போர்ட்டை வாங்கிப் பார்த்தோம். அதிலும் 62. வரிக்கு வரி அதே வாசகம், பெயரும் வயதும்தான் வேறு.

அதற்கப்புறம் அப்பச்சி மூச்சு வாங்குவதைப் பற்றிப் பேச்சே எடுக்கவில்லை. கேட்டால், "ஸ்கேன்லயே ஒண்ணும் இல்லைன்னுட்டாங்களே" என்பார். குன்றக்குடியில் படி ஏறும்போது கண் இருட்டி விழுந்தார். பின்னால் வந்தவர்கள் தாங்கிப் பிடித்ததால் தலையில் அடிபடவில்லை.

மதுரையில் இதய மருத்துவர் ஸ்டெதாஸ்கோப்பை வைத்த உடனேயே முகம் மாறினார். வால்வு சுருங்கினால் கேட்கும் சத்தம் தெளிவாகக் கேட்டதாம். பெரிய எக்கோ மெஷினில், அதாவது இதயத்துக்கான முழு அல்ட்ராசவுண்ட் ஸ்கேனில் பார்த்ததில், அயோர்டிக் வால்வு (இதயத்திலிருந்து ரத்தம் உடலுக்கு வெளியேறும் கதவு) வழியாக ரத்தம் பாயும் வேகம் விநாடிக்கு 4.6 மீட்டர். 4 மீட்டரைத் தொட்டாலே கடுமையான சுருக்கம் என்று கணக்கு. "பம்ப் நல்லாத்தான் இருக்கு, கதவுதான் திறக்கலை" என்றார். அதாவது இ.எஃப். நார்மலாக இருந்துகொண்டே வால்வு இந்த அளவுக்குக் கெட்டுப்போயிருக்கலாம். இதைத்தான் எல்லோரும் தெரிந்துகொள்ள வேண்டும்.

கருவியைக் குறை சொல்ல வரவில்லை. 2010 வாக்கிலிருந்தே இந்தச் சின்ன அல்ட்ராசவுண்ட் கருவிகள் இருக்கின்றன. நல்ல டாக்டர்கள் பலர் பயன்படுத்துகிறார்கள். இதயம் மொத்தத்தில் நன்றாகச் சுருங்குகிறதா, அறைகள் பெருத்திருக்கிறதா, இதயத்தைச் சுற்றி நீர் கோத்திருக்கிறதா என்று அவசரத்துக்குப் பார்க்க அருமையான சாதனம். ஆனால் வால்வுச் சுருக்கத்தை அளக்க கன்டினியூயஸ் வேவ் டாப்ளர் என்ற, ரத்தம் பாயும் அதிவேகத்தை அளக்கும் வசதி வேண்டும். கையடக்கக் கருவிகள் பலவற்றில் அது கிடையாது. சந்தேகம் வந்தால் முழு எக்கோவுக்கு அனுப்புவதுதான் முறை. ரத்தக்குழாய் அடைப்போ, எந்த எக்கோவிலும் நேராகத் தெரியாது. அப்படியிருக்க "ஹார்ட் அட்டாக் பயமில்லை" என்று நோட்டீஸில் அச்சடித்திருப்பது அப்பட்டமான பொய்.

இன்னொன்று, பலருக்கும் தெரியாதது. கருவின் பாலினம் பார்ப்பதைத் தடுக்கும் 1994-ஆம் ஆண்டுச் சட்டம் அல்ட்ராசவுண்ட் கருவிகளைக் கட்டுப்படுத்துகிறது. 2012-இல் வந்த விதிப்படி, எடுத்துச் செல்லக்கூடிய ஸ்கேன் கருவியைப் பதிவு செய்த இடத்திலேயே உள்நோயாளிகளுக்குப் பயன்படுத்தலாம். இல்லையென்றால் வேறு மருத்துவ சேவைகளும் தருகிற நடமாடும் மருத்துவப் பிரிவில் பயன்படுத்தலாம். வாடகை மண்டபத்தில் மேசை போட்டு ஸ்கேன் எடுப்பது இதில் எங்கே வருகிறது? "இதயம் மட்டும்தான் பார்க்கிறோம்" என்று சொல்லித் தப்பவும் முடியாது. அதே கருவியை வயிற்றிலும் வைக்கலாமே. முகாமில் யாராவது ஸ்கேன் என்றால், பதிவுச் சான்றிதழைக் காட்டுங்கள், படத்தைப் பார்த்துச் சொல்லும் டாக்டர் யார் என்று கேளுங்கள். நாங்கள் போனில் கேட்டதற்கு, "சார் மீட்டிங்ல இருக்கார்" என்று வைத்தவர்கள்தான், அப்புறம் எடுக்கவே இல்லை.

அப்பச்சிக்கு வால்வு மாற்ற நாள் குறித்தாயிற்று. மாவட்ட மருத்துவ நலப்பணிகள் இணை இயக்குநருக்குப் புகார் எழுதிக்கொண்டிருக்கிறோம். அந்த முகாமுக்குப் போனவர்கள் ரிப்போர்ட்டையும் ரசீதையும் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். உங்களுடையதிலும் 62 என்றுதான் இருக்கிறதா என்று பார்த்துச் சொல்லுங்கள். புகாரோடு சேர்த்து வைக்கிறோம். மூச்சு வாங்குதல், நெஞ்சு வலி, மயக்கம் இருப்பவர்கள் அந்தக் காகிதத்தை நம்பி இருந்துவிடாமல், அரசு மருத்துவமனையிலாவது ஒரு முழு எக்கோ எடுத்துவிடுங்கள்.